மறக்க வந்த எச்சம்மாள்

திங்கட்கிழமை காலையில் வேங்கிக்கால் பக்கம் போனால் அந்தக் கூட்டத்தைப் பார்க்கலாம். திருவண்ணாமலை மாவட்ட கலெக்டர் ஆபீஸ் அங்கேதான் இருக்கிறது. வாரம் ஒரு நாள் மக்கள் குறை கேட்கும் நாள். பஸ்சை விட்டு இறங்கும்போதே பெண்கள் இடுப்பில் குழந்தை, கையில் மனு என்று வருவார்கள். அவர்களில் கணவனை இழந்தவர்களும் உண்டு. விதவைப் பென்ஷன் கேட்பார்கள். வீட்டு மனை கேட்பார்கள். மனுவை வாங்கி நம்பர் போட்டு, ரசீது கொடுக்க ஆள் இருக்கிறது.

போளூர்ப் பக்கத்திலிருந்து சாலை வழியே திருவண்ணாமலைக்கு வருகிறவர்கள் இந்த வேங்கிக்காலைத் தாண்டித்தான் ஊருக்குள் நுழைய வேண்டும். அண்ணாமலை மலை இங்கிருந்து நன்றாகத் தெரியும்.

அதே போளூர்ப் பக்கத்து ஊர் ஒன்றிலிருந்து, 1907-ம் ஆண்டு வாக்கில், ஓர் இளம் விதவை திருவண்ணாமலைக்கு வந்தார். அவரிடமும் ஒரு மனு இருந்தது. ஆனால் அது எந்த ஆபீசிலும் வாங்கிக்கொள்ளக் கூடிய மனு அல்ல.

நினைவு வரக்கூடாது. அதுதான் அவர் கேட்டது.

மூன்று சாவுகள்

அவர் பெயர் லட்சுமி அம்மாள். எச்சம்மாள் என்றுதான் எல்லோரும் கூப்பிட்டார்கள். ஊர் மண்டகொளத்தூர். நல்ல குடும்பம். கணவன், ஒரு மகன், ஒரு மகள். குறை என்று சொல்ல ஒன்றும் இல்லாத வாழ்க்கை.

கணவர் இறந்தார். மகன் இறந்தான். மகளும் இறந்தாள். ஒன்றன் பின் ஒன்றாக, மூச்சு விட நேரம் இல்லாமல் வந்த சாவுகள். எல்லாம் முடிந்தபோது எச்சம்மாளுக்கு வயது 25-கூட ஆகவில்லை.

அந்தக் காலத்தில் உயர்சாதி வீடுகளில் விதவை என்றால் என்ன என்பது இன்றைய இளம் பெண்களுக்குத் தெரியாது. பூவும் பொட்டும் போகும். வண்ணச் சேலை போகும். பல வீடுகளில் தலை முடியும் போகும். கல்யாண வீட்டில் முன்னால் வந்து நிற்கக் கூடாது. விதவைகள் மறுமணம் செய்துகொள்ளலாம் என்று 1856-ம் ஆண்டிலேயே சட்டம் வந்துவிட்டது. சட்டம் புத்தகத்தில் இருந்தது. வீட்டுக்குள் வரவில்லை. சென்னையில் சகோதரி சுப்புலட்சுமி, தாமே ஓர் இளம் விதவை, 1911-ல் பி.ஏ. பட்டம் பெற்றார். தம்மைப் போன்ற சிறு பெண்களை வைத்துப் படிக்க வைக்க ஓர் இல்லம் நடத்தினார். ஆனால் அது பட்டணத்தில் நடந்த காரியம். மண்டகொளத்தூரில் இருந்த ஒரு பெண்ணுக்கு அப்படி ஒரு கதவு திறந்திருக்கவில்லை.

இருந்த வீடே அவருக்குப் பகையாயிற்று. குழந்தை விளையாடிய திண்ணை அங்கேயே இருக்கிறது. கணவர் உட்கார்ந்த இடம் அங்கேயே இருக்கிறது. எதைப் பார்த்தாலும் நினைவு. யாரைப் பார்த்தாலும் நினைவு.

நமது ஊர்களில் துக்கம் கேட்பது என்று ஒரு வழக்கம் உண்டு. ஒவ்வொருவராக வருவார்கள். வாசலிலேயே குரல் எடுத்து அழுவார்கள். எப்படிப் போனான், கடைசியாக என்ன சொன்னான் என்று கேட்பார்கள். பாதிக்கப்பட்டவள் முதலிலிருந்து எல்லாவற்றையும் சொல்ல வேண்டும். அவர்கள் போனதும் அடுத்தவர் வருவார். மறுபடியும் முதலிலிருந்து! அன்பால் செய்வதுதான். முதல் சில நாட்களுக்கு அது ஆறுதலும்கூட. ஆனால் ஆறத் தொடங்கிய புண்ணை அது எத்தனை தடவை கிளறுகிறது என்பதைக் கிளறப்பட்டவர்களைத்தான் கேட்க வேண்டும்.

எச்சம்மாள் ஊரை விட்டுக் கிளம்பினார். மேற்குக் கரையில் உள்ள கோகர்ணத்துக்குப் போனார். அங்கே சாதுக்களுக்குச் சேவை செய்துகொண்டிருந்தால் மறந்துபோகும் என்று நினைத்தார். மறக்கவில்லை. போனபோது இருந்த துக்கத்தோடேயே திரும்பி வந்தார்.

உறவினர் வீட்டுக்குப் போகவில்லை

அப்போதுதான் தெரிந்தவர்கள் சிலர் ஒரு செய்தி சொன்னார்கள். திருவண்ணாமலை மலையில் ஓர் இளம் சாமியார் இருக்கிறார், அதிகம் பேசமாட்டார், ஆனால் அவரிடம் போனால் மனம் அமைதி அடைகிறது என்றார்கள். பிராமண சுவாமி என்று ஊரார் அவரை அழைத்து வந்தார்கள். பிற்காலத்தில் உலகம் முழுவதும் ரமண மகரிஷி என்று அறிந்தது அவரைத்தான். அப்போது அவருக்கு வயது 27 இருக்கும்.

எச்சம்மாள் உடனே புறப்பட்டார். திருவண்ணாமலையில் அவருக்கு உறவினர்கள் இருந்தார்கள். அவர்கள் வீட்டுக்கு அவர் போகவில்லை. அவர்கள் முகத்தைப் பார்த்தால் பழையது எல்லாம் திரும்பி வரும் என்ற பயம்! சொந்தக்காரர் வீடு இருக்கும் ஊரில், சொந்தக்காரர் கண்ணில் படாமல், ஒரு தோழியோடு நேராக மலை ஏறினார்.

பெரிய கோயிலுக்கு மேலே, மலைச் சரிவில் விரூபாட்சி குகை இருக்கிறது. அங்கேதான் சுவாமி இருந்தார். எச்சம்மாள் அவர் முன்னே போய் நின்றார். தம் கதையைச் சொல்லவில்லை. அவரும் கேட்கவில்லை. ஒரு மணி நேரம் அப்படியே நின்றார். ஒரு வார்த்தை இல்லை. பிறகு திரும்பி மலையை விட்டு இறங்கினார். அந்த ஒரு மணி நேரத்தில் நெஞ்சில் இருந்த பாரம் இறங்கிவிட்டது என்று அவர் வரலாற்றை எழுதியவர்கள் சொல்கிறார்கள்.

இதை அற்புதம் என்பவர்கள் உண்டு. பக்தி இல்லாதவர்களும் ஒன்றைக் கவனிக்கலாம். மூன்று சாவுகளுக்குப் பிறகு, அந்தப் பெண்ணிடம் எதையும் கேட்காமல் பார்த்துக்கொண்டிருந்த முதல் மனிதர் அநேகமாக அவராகத்தான் இருப்பார்.

இன்னொரு விஷயம். எச்சம்மாள் மறக்க வந்தார். ஆனால் மறக்கவில்லை. தினமும் மலைக்குப் போய் வந்த பிறகு, இறந்த கணவரையும் குழந்தைகளையும் நினைக்க அவரால் முடிந்தது. நினைத்தால் முன்போல் நெஞ்சு வேகவில்லை. அவ்வளவுதான்.

சாப்பாட்டுக் கூடை

எச்சம்மாள் மண்டகொளத்தூருக்குத் திரும்பவில்லை. தகப்பனார் விட்டுச் சென்ற கொஞ்சம் பணம் இருந்தது. தம்பி போன்று துணை நின்ற உடன்பிறந்தவர் உதவி செய்தார். திருவண்ணாமலையிலேயே ஒரு சிறு வீட்டில் குடியிருந்தார்.

ஒவ்வொரு நாளும் வீட்டில் சமைத்து, கூடையில் எடுத்துக்கொண்டு மலை ஏறுவார். சுவாமிக்கும் உடன் இருப்பவர்களுக்கும் சாப்பாடு கொடுத்த பிறகுதான் தாம் சாப்பிடுவார். வெயிலானாலும் மழையானாலும் அதுதான் வழக்கம். தரிசனத்துக்கு வரும் வெளியூர்க்காரர்கள் தங்கவும் சாப்பிடவும் எச்சம்மாள் வீடுதான் இருந்தது. பிள்ளை குட்டி இல்லாமல் போன ஒருத்தியின் அடுப்பு, ஊரார் பிள்ளைகளுக்காக எரிந்தது.

ஒரு சமயம் எச்சம்மாளுக்கு ஒரு விரதம் தோன்றியது. ஒரு லட்சம் இலைகளைப் பறித்துப் பூஜை செய்வது என்று முடிவு செய்தார். பாதி வரை ஆயிற்று. கோடை வந்துவிட்டது. இலை கிடைக்கவில்லை. மலையில் அலைந்து பார்த்தார். மாடுகளுக்கே புல் இல்லாத காலம். என்ன செய்வது என்று சுவாமியிடம் வந்து கேட்டார்.

இலை கிடைக்காவிட்டால் உன் உடம்பையே கிள்ளிக் கிள்ளிப் பூஜை செய்யலாமே என்றார் அவர். அம்மையாருக்குத் திகைப்பு. கிள்ளினால் வலிக்குமே என்றார். உனக்கு வலிக்கும் என்றால், இலையைக் கிள்ளும்போது செடிக்கு வலிக்காதா என்று கேட்டார் சுவாமி. இதை முதலிலேயே சொல்லியிருக்கக் கூடாதா என்று எச்சம்மாள் குறைபட்டுக்கொண்டார். உன் வலி தெரிந்த உனக்கு அதன் வலி தெரிய வேண்டாமா என்று பதில் வந்தது.

பூஜை அதோடு நின்றது. சாப்பாட்டுக் கூடை நிற்கவில்லை.

இன்னொரு தாய்

1916-ம் ஆண்டு தொடக்கத்தில் எச்சம்மாள் வீட்டுக்கு ஒரு வயதான அம்மாள் வந்து சேர்ந்தார். அவர் அழகம்மாள். மலையில் இருந்த அந்தச் சுவாமியைப் பெற்ற தாய்.

அழகம்மாள் கதையும் இழப்புக் கதைதான். கணவர் சுந்தரம் அய்யர் 1892-ல் திருச்சுழியில் காலமானார். பிள்ளைகளில் இரண்டாமவன் வேங்கடராமன், மதுரையில் சித்தப்பா வீட்டில் படித்துக்கொண்டிருந்தான். பாடத்தை எழுதாமல் கண்ணை மூடி உட்கார்ந்திருந்த தம்பியைப் பார்த்து, அண்ணன் நாகசாமி ஒரு நாள் குத்தலாக ஒரு வார்த்தை சொன்னார். இப்படி இருப்பவனுக்கு இந்தப் படிப்பும் வீடும் எதற்கு என்ற மாதிரி. அண்ணன்மார் எல்லோரும் சொல்வதுதான். ஆனால் அந்த வார்த்தை தைத்துவிட்டது. அண்ணனின் காலேஜ் சம்பளத்துக்காக வைத்திருந்த 5 ரூபாயில் 3 ரூபாயை எடுத்துக்கொண்டு, ஒரு சீட்டு எழுதி வைத்துவிட்டுப் பையன் போய்விட்டான். 1896-ம் ஆண்டு ஆகஸ்டு மாதம். அவனுக்கு வயது 16.

எங்கே போனான் என்று நெடுநாள் தெரியவில்லை. தெரிந்தபோது, 1898-ம் ஆண்டு கடைசியில், அழகம்மாள் மூத்த மகனோடு திருவண்ணாமலைக்கு வந்தார். பவழக்குன்றில் மகன் இருந்தான். சடை பிடித்த தலை, அழுக்கு மேனி. பெற்றவளுக்கு அடையாளம் தெரியாமல் போகுமா? வீட்டுக்கு வா என்று அழுதார். நாள்தோறும் பலகாரம் செய்து கொண்டுவந்து கெஞ்சினார். மகன் வாய் திறக்கவில்லை. சுற்றி இருந்தவர்களிடம் முறையிட்டார். அவர்களில் ஒருவர் மனம் பொறுக்காமல் காகிதமும் பென்சிலும் கொடுத்து, தாய்க்கு ஒரு பதிலாவது எழுதுங்கள் என்றார். விதிப்படி நடப்பதை யாரும் தடுக்க முடியாது, மவுனமாக இருப்பதே நல்லது என்ற கருத்தில் மகன் எழுதிக் கொடுத்தார். அந்தக் காகிதத்தோடு தாய் மானாமதுரைக்குத் திரும்பினார்.

இரண்டு ஆண்டுகள் ஆகவில்லை. அழைக்க உடன் வந்த மூத்த மகன் நாகசாமி 1900-ல் இறந்துபோனார்.

ஒரு வார்த்தை சொன்ன அண்ணன் இல்லை. அந்த வார்த்தையால் போன தம்பி வரமாட்டான். இரண்டுக்கும் நடுவில் நின்றவள் தாய்.

அதன் பிறகும் அழகம்மாள் வந்து வந்து போனார். 1914-ல் வந்தபோது டைபாய்டு காய்ச்சலில் படுத்துவிட்டார். மகன்தான் பக்கத்தில் இருந்து பல நாட்கள் பார்த்துக்கொண்டார். தாய் பிழைக்க வேண்டும் என்று அருணாசலத்தை வேண்டிப் பாட்டும் எழுதினார். விட்டுப் போன மகனின் மனம் கல் அல்ல என்பது அப்போது தெரிந்தது. ஊருக்குத் திரும்பினார். வீட்டுக்குத் துணையாக இருந்த கொழுந்தனார் நெல்லையப்ப அய்யரும் மறைந்தார். இனி மகனோடுதான் என்று முடிவு செய்து 1916-ல் திருவண்ணாமலைக்கே வந்துவிட்டார்.

பெண்கள் மலையில் தங்கும் வழக்கம் இல்லை. தாய் வந்து தங்கினால் சுவாமி வேறு எங்காவது போய்விடுவாரோ என்று பக்தர்கள் சிலர் பயந்தார்கள். அதனால் முதல் சில நாட்கள் அழகம்மாளுக்கு இடம் கொடுத்தது எச்சம்மாள் வீடு.

ஒரே வீட்டில் இரண்டு பெண்கள். இருவரும் கணவனை இழந்தவர்கள். இருவரும் பெற்ற பிள்ளையைச் சாகக் கொடுத்தவர்கள். ஒருத்தியின் பிள்ளைகள் இனி வரவே மாட்டார்கள். இன்னொருத்தியின் பிள்ளை கண்ணுக்குத் தெரியும் மலையில் இருக்கிறான், ஆனால் வீட்டுக்கு வரமாட்டான். இதில் எது பெரிய துக்கம் என்று அளந்து சொல்ல யாரால் முடியும்? அந்தப் பிள்ளைக்குத் தினமும் சோறு கொண்டு போனவள், பெற்றவள் அல்ல. பெற்றவள் படுத்திருந்த வீட்டின் சொந்தக்காரி!

பிறகு தடை விலகியது. அழகம்மாள் மகனோடு மலையில் தங்கினார். ஸ்கந்தாசிரமத்தில் அடுப்பு மூட்டிச் சமைக்க ஆரம்பித்தார். தாய் என்பதற்காக மகன் தனிச் சலுகை காட்டவில்லை. மற்றவர்களிடம் பேசுவார், தாய் பேசினால் சில சமயம் பேசாமல் இருப்பார். அழகம்மாள் கோபித்துக்கொள்வார். எல்லாப் பெண்களும் எனக்குத் தாய்தான் என்று மகன் சொல்லுவார். ஒரு முறை அப்பளம் இடக் கூப்பிட்டபோது, மாவு பிசையாமல் பாட்டு எழுதிக் கொடுத்தார். அதுதான் அப்பளப் பாட்டு. நம் வீட்டுத் தாய்மார்கள் இதற்கு என்ன சொல்லியிருப்பார்கள் என்பதை வாசகர்களே ஊகித்துக்கொள்ளலாம்.

தந்தி வந்தது

இதற்கு நடுவே எச்சம்மாள் வீட்டில் ஒரு குழந்தையின் குரலும் கேட்டது. சுவாமியின் சம்மதத்தைப் பெற்று, செல்லம்மாள் என்ற பெண்ணை அவர் சுவீகாரம் எடுத்திருந்தார். வளர்த்தார். கல்யாணம் செய்து கொடுத்தார். பேரனும் பிறந்தான். பேரனுக்கு ரமணன் என்று பெயர் வைத்தார்கள். போனது திரும்பி வந்த மாதிரி இருந்தது.

திடீரென்று ஒரு நாள் தந்தி வந்தது. செல்லம்மாள் இறந்துவிட்டாள்!

அந்தக் காலத்தில் தந்திச் சேவகன் தெருவில் வந்தாலே தெரு முழுவதும் நெஞ்சைப் பிடித்துக்கொள்ளும். எச்சம்மாள் தந்தியைக் கையில் எடுத்துக்கொண்டு மலைக்கு ஓடினார். பழைய துக்கம் எல்லாம் ஒன்றாகத் திரும்பி வந்தது. ஒரு மணி நேரம் நின்று இறக்கி வைத்த பாரம் ஒரே தந்தியில் மறுபடியும் தலையில் ஏறிவிட்டது.

ரமணர் தந்தியை வாங்கிப் படித்தார். அவர் கண்களில் நீர் நிறைந்தது.

உலகம் மாயை, உடம்பு பொய் என்று அந்த நேரத்தில் அவர் சொற்பொழிவு செய்யவில்லை. துறவி அழலாமா என்று கேட்பவர்கள் கேட்கட்டும். எச்சம்மாளுக்கு வேண்டியிருந்தது அந்தக் கண்ணீர்தான்.

அம்மையார் சாவு வீட்டுக்குப் போனார். திரும்பி வரும்போது தாயில்லாப் பேரனைத் தூக்கிக்கொண்டு வந்தார். மலைக்குப் போய்க் குழந்தையை ரமணரின் கையில் வைத்தார். குழந்தையை ஏந்திக்கொண்டபோது அவர் கண்கள் மறுபடியும் கலங்கின.

முதல் முறை எச்சம்மாள் ஊரை விட்டு ஓடினார். உறவினர் முகத்தைப் பார்க்கவே பயந்தார். இரண்டாம் முறை ஓடவில்லை. இறந்தவளின் சாயல் உள்ள குழந்தையை, பார்க்கும்போதெல்லாம் அவளை நினைக்க வைக்கும் குழந்தையை, கையோடு எடுத்து வந்தார்.

அந்த மே மாத நாள்

1922-ம் ஆண்டு மே மாதம் 19-ந் தேதி ஸ்கந்தாசிரமத்தில் அழகம்மாளுக்கு முடிவு நெருங்கியது. மகன் பக்கத்தில் உட்கார்ந்தார். ஒரு கையைத் தாயின் நெஞ்சிலும் மற்றொரு கையைத் தலையிலும் வைத்துக்கொண்டார். மணிக்கணக்கில் எடுக்கவில்லை. இரவு 8 மணிக்குத் தாயின் உயிர் பிரிந்தது.

அந்த நேரத்தில் என்ன நடந்தது என்று பிறகு ரமணர் கூறியதைப் பக்தர்கள் எழுதி வைத்திருக்கிறார்கள். தாயின் மனதில் பதிந்து கிடந்த நினைவுகள் ஒன்றன் பின் ஒன்றாக எழுந்தனவாம். காட்சி காட்சியாக வந்து, வந்து, ஓய்ந்தனவாம். திருச்சுழியும் மதுரையும் மானாமதுரையும் பார்த்த ஒரு வாழ்க்கை. பவழக்குன்றில் பதில் வராமல் அழுத நாட்களும் அதில் சேர்ந்ததுதான். அந்த நினைவுகள் எழுந்து அடங்கும் வரை, அன்று வாய் திறக்காத மகனின் கை தாயின் தலைமேல் இருந்தது.

மலையின் தென்புறம் அடிவாரத்தில் அழகம்மாளை அடக்கம் செய்தார்கள். அந்த ஆண்டு டிசம்பரில் ரமணர் மலையை விட்டு இறங்கி அங்கேயே வந்துவிட்டார். இன்று செங்கம் சாலையில் வெளிநாட்டார் எல்லாம் வந்து போகும் ரமணாசிரமம், ஒரு தாயின் சமாதியைச் சுற்றி எழுந்ததுதான். சமாதியின் மேல் கட்டிய மாத்ருபூதேசுவரர் கோயிலுக்கு 1949-ல் கும்பாபிஷேகம் நடந்தது.

மறந்துபோன கறி

ஆசிரமம் வளர்ந்தது. பெரிய சமையல் கூடம் வந்தது. நூற்றுக்கணக்கானவர்கள் சாப்பிட்டார்கள். இனி ஒரு கிழவியின் வீட்டிலிருந்து வரும் சாப்பாடு எதற்கு? கணக்குப் பார்த்தால் தேவை இல்லைதான். ஆனால் எச்சம்மாள் நிறுத்தவில்லை. சுமந்து நடக்க முடிந்தவரை தாமே கொண்டு போனார். முடியாதபோது யாரிடமாவது கொடுத்து அனுப்பினார்.

ஒரு நாள் பந்தி நடந்தது. இலை போட்டு எல்லாம் பரிமாறியாயிற்று. ரமணர் சாப்பிட ஆரம்பித்தால்தான் மற்றவர்கள் இலையில் கை வைப்பார்கள். அன்று அவர் ஆரம்பிக்கவில்லை. கையைத் தாடையில் வைத்துக்கொண்டு பேசாமல் உட்கார்ந்திருந்தார். சோறு ஆறிக்கொண்டிருந்தது. யாருக்கும் காரணம் விளங்கவில்லை. ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள்.

அப்புறம்தான் பரிமாறுகிறவர்களுக்கு நினைவு வந்தது. எச்சம்மாள் கொடுத்து அனுப்பியது ஒரு பக்கமாக அப்படியே இருந்தது. அவசரத்தில் அதை எடுத்துப் பரிமாற மறந்துவிட்டார்கள். ஓடிப்போய் எடுத்து வந்து இலையில் வைத்தார்கள். ரமணர் மற்றவர்களுக்குச் சைகை காட்டிவிட்டுச் சாப்பிடத் தொடங்கினார்.

எச்சம்மாள் 1945-ல் காலமானார். முதல் நாள் மலை ஏறியதிலிருந்து கணக்கிட்டால் ஏறத்தாழ 38 ஆண்டுகள். அந்த 38 ஆண்டுகளும் காலையில் எழுந்தால் அவருக்கு அடுப்பு மூட்ட ஒரு காரணம் இருந்தது.